நேரில் விசாரித்துச் சரிபார்க்கப்பட்டது

கலியாணத்துக்கு இருபத்தொரு நாள் இருக்கையில் மாப்பிள்ளை வீட்டிலிருந்து ஒரு புத்தகம் வந்தது. பூவும் பழமும் அனுப்ப வேண்டிய வீடு புத்தகம் அனுப்பினால் அது நல்லதற்காக இருக்குமா? செவிலிமேட்டிலிருந்து மாப்பிள்ளையின் தாய்மாமன் கலியாணசுந்தரமே சைக்கிளில் கொண்டுவந்தார். வாசலில் நின்றபடியே பெண் வீட்டுக்காரன் மயில்வாகனத்தின் கையில் கொடுத்தார். மூலை மடித்த பக்கத்தைப் படிக்கச் சொன்னார், வெள்ளிக்கிழமை எல்லாருமாக வருகிறோம், அதற்குள் ஒரு பதில் வைத்திருங்கள் என்றார். அவன் பெண்சாதி கிருஷ்ணம்மாள் மோர் கரைத்துக்கொண்டு வருவதற்குள் ஆள் தெருக்கோடி தாண்டியிருந்தார்.

அட்டையில் தொட்டிலும் குழந்தையுமாக ஒரு படம். ஆயிரத்து இருநூறு குழந்தைப் பெயர்கள், அவை பிறந்த விதம், பொருள் என்று பெரிய எழுத்தில் போட்டு, அடியில் 'சரிபார்த்த இரண்டாம் பதிப்பு, 1971' என்று போட்டிருந்தது. மாப்பிள்ளையின் அக்காளுக்குப் போன மாதம் பெண் குழந்தை பிறந்திருந்தது. அதற்குப் பெயர் தேடத் திருவிழாக் கடையில் வாங்கிய புத்தகம். நல்ல பெயராகப் பார்த்து வைத்துவிட்டு மூடித் தொலைத்திருக்கலாம். கலியாணசுந்தரத்துக்கு எதையும் முதல் பக்கத்திலிருந்து கடைசிப் பக்கம் வரை படித்தால்தான் சோறு இறங்கும்.

கிருஷ்ணம்மாளுக்குப் படிக்கத் தெரியாது. மயில்வாகனம் எழுத்துக் கூட்டுவதற்குள் விடிந்துவிடும். அதனால் யாரைப் பற்றி எழுதியிருந்ததோ அவளே தறியிலிருந்து எழுந்து வந்து படித்தாள்.

"தவிட்டம்மாள்: தவிட்டுக்கு வாங்கப்பட்ட பெண் குழந்தைக்கு இடும் பெயர். பெரும்பாலும் இது சடங்கே. குழந்தை பெற்றோருக்கே பிறந்ததாக இருக்கும். ஆயினும் மெய்யாகவே வாங்கியதும் உண்டு. பிள்ளையார்பாளையத்தில் ஒரு நெசவாளர் வீட்டில் இப்பெயருடன் வளர்ந்துவரும் பெண், ஓரிக்கையைச் சேர்ந்த குடியானவப் பெண் ஒருத்தியிடம் ஒரு முறம் தவிடு கொடுத்து வாங்கப்பட்டவள். வளர்த்தவரிடம் நேரில் விசாரித்துச் சரிபார்க்கப்பட்டது."

படித்து முடித்துத் தவிட்டம்மாள் புத்தகத்தைக் கீழே வைத்தாள். "அந்த வாத்தியார் அத்தே. நோட்டு எடுத்துக்கினு வந்தாரே" என்றாள்.

கிருஷ்ணம்மாளுக்கு உச்சி முதல் உள்ளங்கால் வரை எரிந்தது.

இவள் வயிற்றில் பிறந்த பெண்தான் இவளை அத்தை என்கிறாள். அதற்கான கதை இந்தத் தெருவில் எல்லாருக்கும் தெரியும், யாரும் சொல்ல மாட்டார்கள். கிருஷ்ணம்மாளுக்கு முதலில் ஒரு பையன் பிறந்தான், பதினோரு மாதம் இருந்தான். அடுத்து ஒரு பெண், மூன்று மாதம். அதற்கடுத்த பையனுக்கு நாற்பதாம் நாள் கூட வரவில்லை. மூன்றுக்கும் சாமி பெயராகப் பார்த்து வைத்தார்கள், நகராட்சி ஆபீசில் போய்ப் பதிந்தார்கள், தெருவெல்லாம் சர்க்கரை கொடுத்தார்கள். மூன்றையும் மயில்வாகனம் துணியில் சுற்றி வேகவதிக் கரைக்கு எடுத்துப்போனான். நாலாவது பிறந்தபோது மருத்துவச்சி தொப்புள்கொடி அறுத்த கையோடு குழந்தையைக் குப்பைமேட்டில் ஒரு பழைய முறத்தில் கிடத்தினாள். தயிர் விற்க வந்த ஓரிக்கைப் பொன்னியம்மாள், ஏழு பெற்று ஏழையும் வளர்த்தவள், அதைத் தன் பிள்ளை என்று தூக்கிக்கொண்டாள். கிருஷ்ணம்மாள் ஒரு முறம் தவிடு கொடுத்து அதை அவளிடம் வாங்கினாள். இனி இந்தக் குழந்தை கிருஷ்ணம்மாளுடையது இல்லை. அவள் பிள்ளைகளைத் தேடி வருகிற எமன் இந்த வீட்டுக்கு வந்தாலும், இது எவளோ பெற்றது என்று திரும்பிப் போய்விடுவான்.

ஆனால் அதற்கு ஒரு கட்டு உண்டு. பெண்ணாக இருந்தால் கழுத்தில் தாலி ஏறி வேறு வீட்டுப் பெண்ணாகும் வரை, 'இவள் நான் பெற்றவள்' என்று பெற்றவள் வாயிலிருந்து ஒரு சொல் வரக்கூடாது. யார் கேட்டாலும், எத்தனை தரம் கேட்டாலும், தவிட்டுக்கு வாங்கினேன் என்றுதான் சொல்ல வேண்டும். பத்தொன்பது வருஷமாகச் சொல்லிவருகிறாள். பிள்ளைக்கு அம்மை போட்டபோது சொன்னாள். பள்ளிக்கூடத்தில் சேர்க்கும்போது சொன்னாள். மடியில் போட்டுத் தாலாட்டும்போதும் எவளோ பெற்ற மகளே என்றுதான் பாடினாள். நகராட்சியிலும் பதியவில்லை. பதிந்த மூன்றும் போயிற்று, போதாதா?

போன ஆடியில் வந்தான் அந்த முருகேசன். உயர்நிலைப் பள்ளியில் தமிழ் வாத்தியார். முதல் பதிப்பில் வாய்க்கு வந்தபடி பொருள் எழுதி, அம்மன் பெயருக்குக் கிளி என்றும் ஊர்ப் பெயருக்குத் தேன் என்றும் போட்டு நாலு பேர் சிரித்துவிட்டார்களாம். அதனால் இந்தத் தடவை ஒவ்வொரு பெயரையும் அந்தப் பெயர் உள்ள வீட்டுக்கே போய்க் கேட்டு எழுதுவது என்று கிளம்பியிருந்தான். கிருஷ்ணம்மாள் கையால் மோர் வாங்கிக் குடித்தான். நோட்டைத் திறந்துவைத்துக்கொண்டு, இந்தப் பெயர் எப்படி வந்தது என்று கேட்டான். தவிட்டுக்கு வாங்கினோம் என்றாள். சடங்குக்காகவா, நிஜமாகவா என்றான். நிஜமாகத்தான் என்றாள். அவன் விடவில்லை. யாரிடம், எந்த ஊர், எவ்வளவு தவிடு என்று கேட்டான். மூன்றாம் தரம் அவன், "அம்மா, நன்றாக யோசித்துச் சொல்லுங்கள், நீங்கள் பெறவில்லையா" என்றபோது கிருஷ்ணம்மாளுக்கு முதுகுத்தண்டு சில்லிட்டுவிட்டது. பேரேடு மாதிரி நோட்டு, காதில் பென்சில், இப்படி விடாமல் கேட்கிற இவன் யார், எவன் அனுப்பி வந்தவன்? "நான் பெக்கலை, பெக்கலை, பெக்கலை" என்று அவன் முகத்தில் அடித்தாற்போல் சொன்னாள். அவன் திருப்தியாகத் தலையை ஆட்டி எழுதிக்கொண்டு போனான்.

அதுதான் இப்போது அச்சில் வந்திருக்கிறது. இனி இருபத்தொரு நாள் வாயைக் கட்டிக்கொண்டிருந்தால் தாலி ஏறிவிடும், பத்தொன்பது வருஷக் கட்டு அவிழ்ந்துவிடும். அதற்குள் இந்தப் படித்த முண்டம் குறுக்கே வந்து விழுந்துவிட்டான்.

மயில்வாகனம் மெள்ள வாயைத் திறந்தான். அவனே செவிலிமேட்டுக்குப் போய், எங்கள் பெண்தான் என்று சொல்லிவிட்டு வந்துவிடட்டுமா என்று கேட்டான். காலம் மாறிவிட்டது, இப்போது ஆஸ்பத்திரி இருக்கிறது, ஊசி இருக்கிறது, யார் இதையெல்லாம் பார்க்கிறார்கள் என்றான். கிருஷ்ணம்மாள் அவனை மேலே பேச விடவில்லை.

"மூணு குழி தோண்டினவன் நீ. நாலாவதுக்கும் மம்முட்டி எடுத்து வச்சிக்கினியா?"

அதற்குமேல் அவன் அந்தப் பேச்சை எடுக்கவில்லை. நல்ல மனிதன்தான். ஆனால் நல்ல மனிதர்களால் ஒரு காரியமும் ஆவதில்லை என்று கிருஷ்ணம்மாள் அன்று முழுக்க முணுமுணுத்துக்கொண்டிருந்தாள்.

மறுநாள் காலையில் புத்தகத்தை முந்தானையில் சுற்றிக்கொண்டு அவள் முருகேசன் வீட்டுக்குப் போனாள். அவன் பள்ளிக்கூடத்துக்குப் புறப்பட்டுக்கொண்டிருந்தான். அவளை அடையாளம் தெரிந்து வரவேற்று, நாற்காலி போட்டான். புத்தகம் நன்றாக வந்திருக்கிறதா என்று வேறு கேட்டான். இவள் நாற்காலியில் உட்காரவில்லை. இதைப் படித்துவிட்டு என் வீட்டுக் கலியாணத்தை நிறுத்தப் பார்க்கிறார்கள், இதில் இருப்பதை அடித்துவிடு என்றாள்.

முருகேசன் உள்ளே போய் அந்த நோட்டை எடுத்துவந்தான். அவன் கெட்டவனாக இருந்திருந்தால் நாலு வார்த்தை திட்டிவிட்டு வந்திருக்கலாம். அவன் கெட்டவன் இல்லை, ஒழுங்கானவன், அதுதான் தாங்க முடியவில்லை. தேதி போட்டு, அவள் சொன்ன மூன்று பதிலையும் சொன்னபடியே எழுதிவைத்திருந்தான்.

"உங்களை மூன்று தரம் கேட்டேன் அம்மா. நானாக ஒரு எழுத்துக்கூடச் சேர்க்கவில்லை. தப்பாக இருந்தால் இப்போதே சொல்லுங்கள், நான் பெற்றவள்தான் என்று. இன்றைக்கே திருத்தச் சீட்டு அச்சடித்து விற்ற புத்தகத்துக்கெல்லாம் அனுப்புகிறேன். மாப்பிள்ளை வீட்டுக்கும் நானே வந்து சொல்கிறேன்."

பென்சிலை எடுத்து வைத்துக்கொண்டு காத்திருந்தான்.  சொல் கிருஷ்ணம்மாளின் வாய்க்குள்ளேயே இருந்தது, துப்பினால் விழுந்துவிடும். துப்பவில்லை.

"அந்த வழக்கம் உனக்குத் தெரியுமா தெரியாதா வாத்தியாரே?"

தெரியும், அதைத்தான் முதல் இரண்டு வரியில் எழுதியிருக்கிறேன் என்றான் அவன். ஆனால் வழக்கம் தெரிகிறது என்பதற்காக ஒருவர் வாயால் சொன்னதை மாற்றி எழுத முடியுமா, அப்படி எழுதித்தான் போன தடவை கெட்டேன் என்றான்.

"வழக்கம் தெரிஞ்சவன் கேக்கவே கூடாதே. கேட்டா இப்பிடித்தானே சொல்லுவாங்க? நீ என் வாயைப் பாத்து எழுதினியே, ஒரு தரம் என் மூஞ்சியைப் பாத்தியா? அவ எனக்குப் பக்கத்துலதானே நின்னா, அவ மூக்கைப் பாத்தியா, என் மூக்கைப் பாத்தியா?"

முருகேசன் நோட்டை மூடினான். மூக்கை வைத்து அச்சில் போட முடியாது என்று மெதுவாகச் சொன்னான். அப்படியானால் தாலி ஏறின மறுநாள் வந்து சொல்கிறேன், அன்றைக்கு அந்தத் திருத்தச் சீட்டைப் போடு என்றாள். தாராளமாகப் போடலாம், ஆனால் முன்னே ஒன்று பின்னே ஒன்று என்று இரண்டு விதமாகச் சொன்னால் படிக்கிறவர்கள் எதை நம்புவார்கள் என்று அவன் உண்மையாகவே கவலைப்பட்டுக் கேட்டான். கிருஷ்ணம்மாள் அந்தப் புத்தகத்தை அவன் காலடியில் வீசினாள். "இதுல உம் பேருக்கு இன்னா போட்டிருக்குதோ அதையும் எனக்காக ஒரு தரம் சரி பாரு" என்று சொல்லிவிட்டு வந்துவிட்டாள். தெருவெல்லாம் அவனைத் திட்டிக்கொண்டே நடந்தாள். எதிரில் வந்தவர்கள் ஒதுங்கி வழிவிட்டார்கள்.

கலியாணசுந்தரமும் சும்மா இருக்கவில்லை. அவரும் சரிபார்க்கிற ஜாதி. புதன்கிழமை அவர் பிள்ளையார்பாளையத்துக்கு வந்து, கிருஷ்ணம்மாள் வீட்டை விட்டுவிட்டு இந்தப் பக்கம் இரண்டு வீடு, அந்தப் பக்கம் இரண்டு வீடு ஏறி இறங்கி விசாரித்தார். நாலு வீட்டுப் பெண்களும் கிருஷ்ணம்மாள் மேல் உயிரையே வைத்திருப்பவர்கள். பத்தொன்பது வருஷமாக அவளோடு சேர்ந்து அந்தக் கட்டைக் காப்பாற்றியவர்கள். கலியாணத்துக்கு முன்னால் யாரோ வந்து துருவுகிறான் என்றதும் உஷாராகிவிட்டார்கள். தவிட்டுக்கு வாங்கின பெண்தான், எங்கள் கண்ணால் பார்த்தோம், ஓரிக்கைப் பொன்னியம்மாள் பெற்றது என்று ஒருத்தி விடாமல் சத்தியம் செய்தார்கள். போதாக்குறைக்குப் பக்கத்து வீட்டுக் காமாட்சியம்மாள், தவிட்டை அளந்ததே நான்தான் என்று கையை விரித்துக் காட்டினாளாம். பொன்னியம்மாள் இருந்தாலாவது ஒரு வழி பிறந்திருக்கும், அவள் செத்து நாலு வருஷமாகிறது. மருத்துவச்சி அதற்கும் முன்னாலேயே போய்விட்டாள்.

சாயங்காலம் காமாட்சியம்மாள் வந்து, சரியாகச் சொல்லிவிட்டேன் கிருஷ்ணம்மா, ஒரு பிசிறு விடவில்லை என்று சந்தோஷமாகச் சொன்னாள். விஷயம் தெரிந்ததும் வாயில் அடித்துக்கொண்டு அழுதாள். அவளைத் திட்டவும் முடியாது. நன்றாகச் செய்ததற்கு யாரைத் திட்டுவது? திட்ட முடியாத கோபமெல்லாம் கிருஷ்ணம்மாளின் நெஞ்சிலேயே தேங்கிக் கொதித்தது.

 நிச்சயம் ஆன நாளிலிருந்து தவிட்டம்மாள் வேலை செய்யும்போது தனக்குள் பாடிக்கொண்டிருப்பாள். பையன் கூட்டுறவுச் சங்கத்தில் கணக்கெழுதுகிறவன், நிச்சயத்தன்று இவளைப் பார்த்துச் சிரித்தான், இவளும் சிரித்துவிட்டாள். திங்கட்கிழமையோடு பாட்டு நின்றுவிட்டது. வியாழக்கிழமை மத்தியானம், கிருஷ்ணம்மாளுக்குச் சோறு போட்டுக்கொண்டிருந்தவள் சட்டென்று கேட்டாள்.

"நீ சொன்னா இன்னா ஆவும் அத்தே? எனக்குப் பத்தொம்பது வயசாவுது. இன்னும் என்னைத் தொட்டில்ல தேடிக்கினா வரும் அது?"

கிருஷ்ணம்மாள் எச்சில் கையாலேயே அவள் கன்னத்தில் அறைந்தாள். பெண் பிறந்தது முதல் அன்றுதான் முதல் அடி. பருக்கை ஒட்டிய கன்னத்தோடு தவிட்டம்மாள் அசையாமல் உட்கார்ந்திருந்தாள். அடித்தவள்தான் அழுதாள். அழுதுகொண்டே திட்டினாள்: வாத்தியாரை, கலியாணசுந்தரத்தை, அச்சாபீசை, புத்தகம் விற்ற திருவிழாக் கடைக்காரனை. கடைசியில், பயப்படாமல் சிரிக்கிற வயசில் இருக்கிற இந்தப் பெண்ணையும் திட்டினாள். மூன்று தொட்டிலைக் கழற்றிப் பரணில் போட்டவளுக்குத்தான் தெரியும். பத்தொன்பது வயசு என்றால் எமனுக்கு எட்டாத உயரமா? நாளைக்குச் சொல்லிவிட்டு, நாளன்றைக்குப் பெண்ணுக்கு ஒரு தலைவலி வந்தால் இவள் எந்த முகத்தோடு நிற்பாள்? கலியாணம் நின்றால் பெண் அழும். அழட்டும். அழுவதற்கு உயிர் இருக்குமே.

வெள்ளிக்கிழமை பத்து மணிக்கு வந்தார்கள். கலியாணசுந்தரம், அவருடைய தங்கை, அதாவது மாப்பிள்ளையின் அம்மா நீலாம்பாள், உறவில் பெரியவர்கள் இரண்டு பேர். நிச்சயத்தன்று பெண் வீட்டில் கொடுத்த தட்டைத் திருப்பிக் கொடுக்க அப்படியே கொண்டுவந்திருந்தார்கள். தறிக்குப் பக்கத்தில் பாயை விரித்து உட்கார வைத்தான் மயில்வாகனம். தவிட்டம்மாள் தறியில் தலை கவிழ்ந்து உட்கார்ந்திருந்தாள், கை ஓடவில்லை. காமாட்சியம்மாள் கதவோரம் நின்றாள்.

கலியாணசுந்தரம் குரலை உயர்த்தாமல்தான் பேசினார். பெண்ணின் மேல் ஒரு குறையும் இல்லை என்றார். ஆனால் குடியானவர் வீட்டுப் பிறப்பு என்று அச்சில் வந்திருக்கிறது, தெருவும் அதையே சொல்கிறது, நாளைக்கு எங்கள் சனம் கேட்டால் என்ன பதில் சொல்வது என்றார். வயிற்றில் சுமந்து பெற்றவள் என்று பொன்னியம்மாளைப் பற்றி அவர் பேசியபோது கிருஷ்ணம்மாள் பல்லைக் கடித்துக்கொண்டாள். தன் பெண்ணுக்கு உயிர் கொடுத்த தயிர்க்காரியின் வயிறு இவருக்கு மட்டமாகப் போய்விட்டதா?

"புத்தகம் கிடக்கட்டும்மா. தெரு கிடக்கட்டும். நீங்க ஒரு வார்த்தை சொல்லுங்க, நான் பெத்தவள்னு. இந்தத் தட்டை எடுத்துக்கினு நாங்க இப்பவே எந்திரிச்சிப் போறோம், சொன்ன தேதியில கலியாணம்."

எல்லாரும் கிருஷ்ணம்மாளைப் பார்த்தார்கள். மயில்வாகனம் இரண்டு கையையும் கோத்துக்கொண்டு அவளைக் கெஞ்சுகிறாற்போல் பார்த்தான். தவிட்டம்மாளும் தலையை நிமிர்த்தினாள். அந்தக் கண்ணில் ஆசை இருந்தது, அதைக் கிருஷ்ணம்மாள் நன்றாகவே பார்த்தாள். ஒரு சொல். ஊர் உலகத்தில் பெற்றவள் ஒவ்வொருத்தியும் நாளுக்கு நூறு தரம் சொல்லுகிற சொல். 

"தவிட்டுக்கு வாங்கினதுதான்" என்றாள். "ஒரு முறம் தவிடு, சலிச்ச தவிடு. உங்க பையன் அந்தத் தவிட்டுக்குக்கூடப் பெறமாட்டான். வச்சிட்டுப் போங்க தட்டை. எழுந்திருங்க."

மயில்வாகனம் தலையில் கையை வைத்துக்கொண்டான். கலியாணசுந்தரத்துக்கு முகம் கறுத்துவிட்டது. கேட்டாயிற்று, அவர்கள் வாயாலேயே சொல்லிவிட்டார்கள், இனி என்ன என்று தட்டை அவள் பக்கம் நகர்த்திவிட்டு எழுந்தார். பெரியவர்கள் இருவரும் துண்டை உதறித் தோளில் போட்டார்கள். தவிட்டம்மாள் மறுபடி தறியின்மேல் குனிந்துகொண்டாள்.

நீலாம்பாள் மட்டும் எழுந்திருக்கவில்லை. வந்ததிலிருந்து அவள் கிருஷ்ணம்மாளின் முகத்தையும், தறிக்குப் பின்னால் கவிழ்ந்திருந்த முகத்தையும் மாறி மாறிப் பார்த்துக்கொண்டிருந்தாள். இப்போது தட்டை இழுத்துத் தன் மடியில் வைத்துக்கொண்டாள்.

"உக்காரு அண்ணே. படிச்சிப் படிச்சி உனக்குப் புத்தி மழுங்கிப்போச்சி" என்றாள். "தவிட்டுக்கு வாங்கினவளா இருந்தா, திங்கக்கிழமையே நம்ம வாசல்ல வந்து நின்னு, நான் பெத்தேன் நான் பெத்தேன்னு சூடத்தை அணைச்சி சத்தியம் பண்ணியிருப்பா. பொய்யின்னாலும் சொல்லியிருப்பா, கலியாணம் நடக்கணுமே. கலியாணமே போனாலும் போவட்டும், அந்தப் பொண்ணுக்கு ஒண்ணும் ஆவக்கூடாதுன்னு நிக்கிறா பாரு, இவதாண்ணே அவளைப் பெ..."

கிருஷ்ணம்மாள் ஒரே எட்டில் பாயைத் தாண்டி வந்து சம்பந்தியின் வாயை இரண்டு கையாலும் பொத்தினாள். தட்டிலிருந்து வெற்றிலை சிதறியது. பிடி தளரவில்லை.

"வாயை மூடு" என்றாள், பல்லுக்குள்ளேயே. "இன்னும் பதினேழு நாள் இருக்குது."

பொத்திய கைகளுக்குள்ளேயே நீலாம்பாள் தலையை ஆட்டினாள்.